வேலை செய்யும் கைகளைப் பற்றிய நான்கு படங்கள் இன்னும் பாக்கி: நன்கொடை வேண்டுகோள்

அன்புடையீர், வணக்கம்.

எங்கள் இயக்குநர் அடிப்படையில் படத்தொகுப்பாளர். பிறர் எடுத்து வந்த காட்சிகளை இருட்டறையில் உட்கார்ந்து வெட்டி ஒட்டியே இருபது ஆண்டுகளைக் கழித்தவர். அவர் இயக்கத்துக்கு வந்ததற்கு ஒரே ஒரு ஷாட்தான் காரணம். ஒரு படத்துக்காக வெல்டிங் தொழிலாளி ஒருவரைப் படம்பிடித்திருந்தார்கள். தீப்பொறி பறந்த வரைக்கும் எல்லாருக்கும் பிடித்திருந்தது. பொறி அடங்கியதும் அவர் முகக்கவசத்தைத் தூக்குகிறார். கண்ணைக் கசக்கிக்கொண்டு, பற்றவைத்த இடத்தைச் சுத்தியலால் மெல்லத் தட்டிக் கசடை உதிர்க்கிறார். குனிந்து பார்க்கிறார். மனம் ஒப்பாமல் மறுபடியும் கவசத்தை இறக்குகிறார். மொத்தம் 40 வினாடி. இழுவையாக இருக்கிறது, எடுத்துவிடுங்கள் என்றார்கள், எடுத்துவிட்டார். “அந்த மனிதரின் தொழில் முழுக்க அந்த 40 வினாடியில்தான் இருந்தது” என்று இன்றும் சொல்லி வருந்துகிறார்.

1895-இல் லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் காட்டிய படத்தில் தொழிலாளர்கள் ஆலையை விட்டு வெளியே வருகிறார்கள். ஒரு நிமிடம்கூட ஓடாத படம் அது. கேமரா வாசலுக்கு வெளியே நின்றது. உள்ளே அவர்கள் என்ன செய்தார்கள் என்பது பதிவாகவில்லை. அந்த வாசலுக்கு உள்ளே போவதற்குத்தான் இந்த முயற்சி. தொழிலாளி ஒருவருக்கு ஒரு படமாக, பன்னிரண்டு நிமிடம் வீதம் ஆறு குறும்படங்கள். பின்னணி வர்ணனை கிடையாது. இரண்டை இயக்குநர் தம் சேமிப்பில் முடித்துவிட்டார். மீதி நான்குக்கு அவரிடம் பணம் இல்லை. அதனால்தான் இந்தக் குழுவை அமைத்தோம்.

திரளும் பணத்தில் முதல் பங்கு படத்தில் வருபவருக்கு. பணம் கொடுத்தால் பேச்சு மாறிவிடும் என்று ஆவணப்படத் துறையில் ஒரு வாதம் உண்டு. அது நியாயமான அச்சம் என்பதால் பேச்சுக்கு நாங்கள் எதுவும் தருவதில்லை. ஆனால் உருப்படிக் கணக்கில் கூலி வாங்குபவரின் பக்கத்தில் கேமராவை வைத்தால் அன்றைக்கு அவருக்கு நாலு உருப்படியாவது குறையும். அந்த இழப்பை அவர் தலையில் கட்டிவிட்டு அவருடைய உழைப்பைப் போற்றிப் படம் எடுக்க எங்களுக்கு மனம் வரவில்லை.

அடுத்தது ஒலி. தையல் இயந்திரம் ஓடும்போது எதிரில் இருப்பவர் பேச்சே கேட்காது. மிதியை விட்டதும் ஒரு கணம் அமைதி. அதில் பல்லால் நூலை அறுக்கும் சத்தம் வருகிறது. கேமராவோடு வரும் மைக் இதைப் பிடிக்காது. தனி ஒலிப்பதிவாளர் வேண்டும்.

பிறகு சேமிப்பு வட்டுகள். 4கே தரத்தில், எடிட்டிங்குக்கு ஏற்ற கோப்பாக, ஒரு மணி நேரக் காட்சியே 200 ஜிபியைத் தாண்டும். ஒரு படத்துக்கு 25 மணி நேரம் எடுக்கிறோம். அதற்கு மூன்று பிரதிகள் வேண்டும், அவற்றில் ஒன்று வேறு இடத்தில் இருக்க வேண்டும். முதல் படத்தில் ஒரே வட்டை நம்பியிருந்தோம். ஒரு முழு நாள் வேலை அழிந்துபோனது. அந்த நாளை மறுபடி நடத்தித் தரும்படி அந்தப் படத்தில் வரும் அம்மாவிடம் எங்களால் கேட்க முடியவில்லை.

தொகுத்த படத்தை முதலில் பார்ப்பவர் அதில் வருபவர்தான். வேண்டாம் என்று அவர் சொல்லும் காட்சி நீக்கப்படும். நன்கொடையாளர் யாராக இருந்தாலும் அந்த உரிமை அவர்களுக்குக் கிடையாது; இதை இப்போதே சொல்லிவிடுவது முறை.

தொகை எவ்வளவானாலும் ரசீது உண்டு. ஒவ்வொரு படமும் முடிந்ததும் வரவு செலவுக் கணக்கை நன்கொடையாளர்கள் அனைவருக்கும் அனுப்புவோம். பணமாகத் தர இயலாதவர்கள் பயன்படுத்தாத வட்டு, விளக்கு, மைக் தரலாம். துணைத்தலைப்பு எழுதத் தெரிந்தவர்கள் சில மாலைப் பொழுதுகளைத் தந்தாலும் பேருதவி.

அடுத்த படம் தையல்காரருடையது. வேலை நெருக்கடி தொடங்குவதற்குள் ஐந்து நாட்களை எங்களுக்காக ஒதுக்கியிருக்கிறார். ஒலிப்பதிவாளருக்குத் தர வேண்டிய முன்பணம் இன்னும் சேரவில்லை.

இப்படிக்கு,
குறும்படத் தயாரிப்புக் குழுவினர்