சூசோவின் பெயர் விட்டுப்போகலாமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த இத்தாலிய சினிமாக் கட்டுரையை ஆர்வத்தோடு படித்தேன். 'பைசைக்கிள் தீவ்ஸ்', 'ரோக்கோ அண்ட் ஹிஸ் பிரதர்ஸ்', 'தி லெபர்ட்' என நான் உயிராய் நினைக்கும் படங்கள் எல்லாம் அதில் இருந்தன. இயக்குநர்கள் டி சிகா, விஸ்கோன்டி பற்றி விரிவாகவே எழுதியிருந்தீர்கள். ஆனால் இந்த மூன்று படங்களின் திரைக்கதையிலும் பங்குள்ள சூசோ செக்கி டாமிகோவின் பெயர் ஓரிடத்தில்கூட வரவில்லை. மனசு கேட்கவில்லை, எழுதுகிறேன்.

1914-இல் ரோமில் பிறந்தவர் சூசோ. அப்பா எமிலியோ செக்கி பெயர்பெற்ற இலக்கிய விமர்சகர், அம்மா ஓவியர். மொழிபெயர்ப்பு வேலை பார்த்துவந்த சூசோ, போர் முடிந்த கையோடு திரைக்கதை எழுத வந்தார். 1948-இல் வெளியான பைசைக்கிள் தீவ்ஸ் படத்துக்குத் திரைக்கதை எழுதியவர்கள் என்று டைட்டிலில் பல பேர் உண்டு. அதில் பெண் இவர் ஒருவர்தான்.

அதன் பிறகு இவர் எழுதியவற்றை வரிசையாகப் பார்த்தால் ஒரே ஆள் எழுதினாரா என்று சந்தேகமே வந்துவிடும். 1958-இல் இயக்குநர் மோனிசெல்லிக்காக 'பிக் டீல் ஆன் மடோனா ஸ்ட்ரீட்'. அடகுக்கடையைக் கொள்ளையடிக்கத் திட்டம் போட்ட கத்துக்குட்டித் திருடர்கள், ராத்திரி முழுக்க மெனக்கெட்டு, கடைசியில் தப்பான சுவரை உடைத்து, தாங்கள் நுழைந்த பக்கத்து வீட்டின் சமையலறைக்குள்ளேயே போய் நிற்பார்கள். அப்புறம் என்ன, அங்கிருந்த பாஸ்தாவையும் கொண்டைக்கடலையையும் சாப்பிட உட்கார்ந்துவிடுவார்கள்! வயிறு வலிக்கச் சிரிக்கலாம், ஆனால் அவர்களுடைய பசியும் தெரியும். இரண்டே வருடத்தில் ரோக்கோ: பிழைப்புத் தேடி தெற்கிலிருந்து மிலான் நகரத்துக்கு வந்து சிதறிப்போகும் குடும்பத்தின் துயரம். 1962-இல் இயக்குநர் ரோஸிக்காக 'சால்வதோரே ஜூலியானோ'. கொள்ளைக்காரன் ஜூலியானோ ஒரு முற்றத்தில் பிணமாகக் கிடப்பதில் தொடங்கி, காலத்தை முன்னும் பின்னுமாகக் கலைத்துப் போடும் படம். படம் முழுக்க அவன் முகத்தைச் சரியாகப் பார்க்கக்கூட முடியாது.

லெபர்ட் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். படத்துக்கு மூலமான லாம்பெடூஸாவின் நாவலில் நாயகரான இளவரசர் 1883-இல் சாகிறார், அதன் பிறகும் கதை 1910 வரை போகிறது. படமோ 1862-இல் நடக்கும் நடன விருந்தோடு நின்றுவிடுகிறது. அந்த விருந்தில் இளவரசர் ஒரு மரணப் படுக்கை ஓவியத்தின் முன்னால் நின்று பார்ப்பார், பிறகு கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்துக் கலங்குவார். நாவலில் இருபது வருடம் கழித்து வரும் சாவை நாம் அங்கேயே உணர்ந்துவிடுகிறோம். காமிராவைத் தொடுவதற்கு முன்னால், காகிதத்திலேயே எடுக்க வேண்டிய முடிவு இது. விஸ்கோன்டியும் சூசோவும் இன்னும் மூன்று பேரும் சேர்ந்து எழுதிய திரைக்கதை.

சூசோவுக்கு இதுதான் பாணி என்று எதையும் காட்ட முடியாது. அந்தோனியோனிக்கு எழுதும்போது ஒரு குரல், ஜெஃபிரெல்லிக்கு வேறொரு குரல். தன் பெயர் துருத்திக்கொண்டு தெரியாமல், அந்தந்த இயக்குநரின் படத்துக்கு வேண்டியதை எழுதிக் கொடுத்தார். அதனாலேயே விமர்சகர்கள் இவரைத் தாண்டிப் போய்விடுகிறார்கள் என்று நினைக்கிறேன். என்னைக் கேட்டால் எழுத்தில் இதைவிடக் கடினமான வேலை கிடையாது.

சினிமாக்காரர்களுக்கு இவர் அருமை தெரிந்திருந்தது. 1994-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் வாழ்நாள் சாதனைக்கான தங்கச் சிங்கம் விருது கொடுத்தார்கள். இத்தாலிய சினிமாவைப் பற்றி 1999-இல் ஆவணப்படம் எடுத்த ஸ்கார்செஸி, அதை எழுத இவரையும் சேர்த்துக்கொண்டார். 2010-இல் 96 வயதில் காலமானார்.

உங்கள் இதழில் படங்களைப் பற்றி எழுதும்போது இயக்குநர், நடிகர், வருடம் எல்லாம் போடுகிறீர்கள். திரைக்கதை எழுதியவர்களின் பெயரையும் தயவுசெய்து சேர்த்துப் போடுங்கள், எத்தனை பேர் இருந்தாலும் அத்தனை பெயரும். அடுத்த இதழிலேயே தொடங்கினால் மிகவும் மகிழ்வேன்.

அன்புடன்,
ஒரு வாசகர்,
திருச்சி.