துணியால் ஒரு வானம்

அன்புள்ள சுப்ரதா மித்ரா ஐயா,

கல்யாண வீடுகளில் போட்டோ எடுப்பது என் தொழில். மண்டபத்தில் பிளாஷை முகத்துக்கு நேரே அடிக்காமல் சீலிங்கைப் பார்த்துத் திருப்பி வைப்போம். அதை 'பவுன்ஸ்' என்போம். பதினைந்து வருடமாக இதைச் செய்துவரும் எனக்கு, 1956-லேயே சத்யஜித் ராயின் ஒளிப்பதிவாளராக ஒரு முழு வீட்டுக்கும் இப்படி வெளிச்சம் கொடுத்தவர் நீங்கள் என்பது சமீபத்தில்தான் தெரிந்தது. நீங்கள் 2001-இல் மறைந்துவிட்டீர்கள். இருந்தாலும் எழுதத் தோன்றியது.

ராயின் 'அபராஜிதோ' படத்தில் வரும் காசி வீட்டு முற்றத்தை எத்தனை முறை பார்த்திருப்பேன்! வெயில் நேரே இறங்காது. யாருக்கும் கூரான நிழல் விழாது. வானத்திலிருந்து கசியும் வெளிச்சம் மட்டும்தான். ஏதோ ஒரு பழைய வீட்டுக்குள் போய் எடுத்தது என்றே நம்பியிருந்தேன். கடைசியில் பார்த்தால், அது கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா கல்கத்தா ஸ்டுடியோவில் போட்ட செட். மழைக்குப் பயந்து உள்ளே போட்டிருக்கிறார்கள். உள்ளே அந்த வெளிச்சம் வரவே வராது என்று நீங்கள் வாதாடியிருக்கிறீர்கள். வாதம் எடுபடவில்லை. அப்புறம்தான் செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளைக் கீழிருந்து அதன்மேல் அடித்தீர்கள்.

கேட்க எளிதாக இருக்கும். ஆனால் துணியில் பட்டுத் திரும்பும்போது வெளிச்சம் எவ்வளவு செத்துப்போகும் என்று எனக்குத் தெரியும். அன்றைய பிலிமோ இன்றைய கேமராபோல இருட்டில் பார்க்காது. முகத்துக்கு ஒரு விளக்கு, கூந்தலுக்கு ஒரு விளக்கு என்று நேரடியாக வைத்து எடுத்திருந்தால் வேலை சீக்கிரம் முடிந்திருக்கும். படத்தில் அம்மாவாக வரும் சர்பஜயாவுக்குப் பின்னால் சுவரில் இரண்டு மூன்று நிழல்கள் விழுந்திருக்கும். அது காசி வீடாக இருந்திருக்காது.

ராயின் முதல் படமான 'பதேர் பாஞ்சாலி'யைத் தொடங்கும்போது உங்களுக்கு இருபத்தொன்று, இருபத்திரண்டு வயதுதான். அதுவரை மூவி கேமராவைத் தொட்டதே இல்லை. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் கல்கத்தாவில் படம் எடுத்தபோது ஓரமாக நின்று, விளக்கு எங்கே, கேமரா எங்கே என்று படம் வரைந்து வைத்துக்கொண்டதுதான் உங்கள் படிப்பு. (அதே 'பதேர் பாஞ்சாலி'யில் மிட்டாய்க்காரர் வரும் காட்சிக்கு சிதார் வாசித்ததும் நீங்கள்தானாம். அன்றிலிருந்து அந்தக் காட்சியைக் காதுக்காகவும் பார்க்கிறேன்.)

நீங்கள் ராயோடு செய்த 'சாருலதா', 'நாயக்' படங்களைப் பற்றியெல்லாம் தனியாக எழுத வேண்டும். 'நாயக்' ரயில் பெட்டியும் செட்தான் என்பதை இன்னும் என்னால் முழுதாக நம்ப முடியவில்லை. 1966-இல் வந்த அந்தப் படத்துக்குப் பிறகு நீங்களும் ராயும் சேரவே இல்லை. அதில் எனக்கு இன்றும் ஆதங்கம் உண்டு. நீங்கள் இருவரும் சேர்ந்திருந்த காலத்தில் ஒளிப்பதிவுக்கென்று தேசிய விருதே கிடையாது. உங்களுக்கு அது கிடைத்தது வெகுகாலம் கழித்து, 'நியூ டெல்லி டைம்ஸ்' படத்துக்கு. என்னைக் கேட்டால், அந்தத் துணிக்கே கொடுத்திருக்க வேண்டும்.

போன வாரம் என் உதவியாளனுக்கு அந்த முற்றக் காட்சியைப் போட்டுக் காட்டினேன். பத்து நிமிடம் பேசாமல் பார்த்தவன் கேட்டான்: "ஏண்ணே, இதுக்கு லைட்டே போடலையா?"

அன்புடன்,
ஒரு கல்யாண போட்டோகிராபர்