ரவுணுக்குள் ஒரு நடை

அன்பின் மச்சான்,

உன் கடிதம் கிடைத்தது. நல்லூர்த் திருவிழாவுக்கு மகளையும் கூட்டிக்கொண்டு வருகிறாய் என்றதும் வீட்டில் எல்லோருக்கும் சந்தோசம். என் முழங்கால் நோ அப்படியேதான் இருக்கிறது. ஆனாலும் நடை குறையவில்லை.

யாழ்ப்பாண ரவுணுக்குள் அவளுக்கு எதைக் காட்டலாம் என்று கேட்டிருந்தாய். வெளிநாட்டிலிருந்து வருகிற எங்கட சனம் நேரே நூலக வாசலில் இறங்கும், நாலு படம் எடுக்கும், திரும்ப வாகனத்தில் ஏறிவிடும். நீ அப்படிச் செய்யாதே. சத்திரத்துச் சந்தியில் இறங்கி ஆஸ்பத்திரி வீதியால் நடத்திக் கூட்டி வா. பஸ் ஸ்ராண்டடி இன்னும் அதே இரைச்சல்தான். பக்கத்துச் சந்தைக்குள் பனங்கட்டிக் குட்டானும் புழுக்கொடியலும் கோத்துத் தொங்குகிற கடைகளில் அவளையே விலை கேட்கவிடு, தமிழ் தானாக வரும். பசித்தால் மலாயன் கபே. சாப்பிட்டு முடிய வாழையிலையைச் சுவரில் உள்ள ஓட்டைக்குள் போடுவோமே, அதுதான் அவளுக்கு மிகவும் பிடிக்கப்போகிறது, நீ பார்.

அப்புறம் ஆஸ்பத்திரி. அந்த வாசலைச் சும்மா கடந்து போகாதே. 1987 ஒக்டோபர் 21, தீபாவளி நாள். இந்தியப் படை உள்ளே புகுந்து வைத்தியர்களையும் தாதிகளையும் நோயாளிகளையும் சுட்டது. ஒவ்வொரு வருடமும் அன்று ஊழியர்கள் விளக்கேற்றுகிறார்கள். எவ்வளவு சொல்வது என்பது உன் பாடு. அவள் சின்னப்பிள்ளை இல்லைத்தானே.

மணிக்கூட்டுக் கோபுரத்தைப் பற்றி நாங்கள் பள்ளிக்கூடத்தில் அக்கறையே படவில்லை. 1875இல் வேல்ஸ் இளவரசர் இலங்கைக்கு வந்ததன் நினைவாகக் கட்டியதாம். இளவரசரை ஒருவரும் நினைப்பதில்லை, கோபுரத்தடியில் ஆளை ஆள் காத்து நிற்பது மட்டும் மிச்சம்.

நூலகத்தைப் பார்த்தால் உனக்குக் கொஞ்சம் திடுக்கென்று இருக்கும். 1981இல் 97,000 புத்தகங்களோடு எரிந்து, 2003இல் திரும்பத் திறந்த கட்டடம் வெள்ளையாக, அழகாகத்தான் நிற்கிறது. ஆனால் பக்கத்தில் புல்லுக்குளத்தடியில் இந்தியா கட்டித்தந்த கலாசார மையம் 11 மாடிக்கு எழும்பியதில், நூலகம் குள்ளமாகிப் போனதுபோல் தெரிகிறது. அந்த உயரம் அந்த இடத்துக்குத் தேவையில்லை என்பதுதான் என் எண்ணம். மண்டபம் நல்ல மண்டபம், அதை மறுக்கவில்லை. மருமகளின் தங்கை அங்கேதான் அரங்கேற்றம் செய்தாள், கடைசி வரிசையிலும் சலங்கை துல்லியமாகக் கேட்டது. 2025 தையில் அதற்குத் திருவள்ளுவர் பெயரை வைத்தார்கள். யாழ்ப்பாணம் என்ற பெயர் எங்கே போனது என்று சனம் சத்தம் போட, பிறகு அதையும் சேர்த்தார்கள். வள்ளுவரோடு ஒருவருக்கும் கோபமில்லை!

கோட்டைக்குப் பின்னேரம் போ, மத்தியான வெயிலில் அந்த மதிலில் நிற்கேலாது.

திருவிழாக் காலத்தில் ரயிலில் இடம் கிடைப்பது கஷ்டம். திகதி முடிவானதும் எழுது, யாழ்தேவிக்கு இங்கேயிருந்தே சீட்டுப் போட்டு வைக்கிறேன். சொக்லேட் கொண்டுவராதே, வீட்டில் இரண்டு பேருக்குச் சீனி வருத்தம்.

அன்புடன்,
உன் பழைய வாங்குத் தோழன்