அந்த டிஎல்எல் கோப்பை வெளியிலிருந்து கொண்டுவராதே

அன்புள்ள நண்பனுக்கு,

நலம், நலமறிய ஆவல். உன் கடிதம் நேற்றுக் கிடைத்தது. பேத்திக்குக் காய்ச்சல் விட்டுவிட்டது என்று படித்த பிறகுதான் மனம் நிம்மதியடைந்தது. கடையிலுள்ள பில் மென்பொருளிலிருந்து மின்னஞ்சல் போகவில்லை என்றும், ‘மேப்பி32’ என்ற டிஎல்எல் கோப்பை இணையத்திலிருந்து இறக்கிப் போட்டால் சரியாகிவிடும் என்று கடைப்பையன் சொல்வதாகவும் எழுதியிருந்தாய். மற்றச் செய்திகளைப் பிறகு எழுதுகிறேன். தயவுசெய்து அதை மட்டும் செய்துவிடாதே.

டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் பொதுவாக எடுத்துப் பயன்படுத்தும் நிரல் நூலகம். அதில் இந்த மேப்பி32 சற்று வித்தியாசமானது: அஞ்சல் அனுப்பும் வேலையை அது தானே செய்வதில்லை. பில் மென்பொருள் ‘இந்த பில்லை அனுப்பு’ என்று கேட்டவுடன், விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்துவைத்திருக்கும் ரெஜிஸ்ட்ரியில் இயல்புநிலை அஞ்சல் மென்பொருளாக எது பதிவாகியிருக்கிறது என்று பார்த்து, அந்த மென்பொருளின் சொந்த நூலகத்தை ஏற்றி, வேலையை அதனிடம் ஒப்படைத்துவிடும். அது தண்டர்பேர்ட் என்ற அஞ்சல் மென்பொருளாக இருந்தால் ‘மோஸ்மேப்பி32’ என்ற கோப்பு வந்து வேலையை ஏற்றுக்கொள்ளும். அஞ்சல் மென்பொருள் எதுவும் பதிவாகவில்லை என்றால் ஒப்படைக்க ஆளில்லை. அப்போது வரும் பிழைச்செய்தியைப் பார்ப்பவர்கள் கோப்புதான் காணாமல் போய்விட்டது என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

சென்ற ஆண்டு என் தம்பியின் அரிசி ஆலையில் இதுவேதான் நடந்தது. கணினியைப் பழுதுபார்க்க வந்த ஒருவர் ஏதோ ஒரு தளத்திலிருந்து அந்தக் கோப்பை இறக்கி, பில் மென்பொருளின் கோப்புறையிலேயே வைத்துவிட்டுப் போயிருந்தார். இப்படிப்பட்ட நூலகங்களை விண்டோஸ் முதலில் அந்தந்த மென்பொருளின் கோப்புறையில்தான் தேடும். விண்டோஸின் சொந்தக் கோப்புகள் இருக்கும் ‘சிஸ்டம்32’ கோப்புறை அதற்குப் பிறகுதான். ஆகவே உண்மையான கோப்பு சிஸ்டம்32-இல் பத்திரமாக இருக்கும்போதே, யார் எழுதியது என்று தெரியாத ஒன்று நான்கு மாதங்களாக பில் மென்பொருளுக்குள் ஓடிக்கொண்டிருந்தது. பண்புகள் சாளரத்தில் ‘விவரங்கள்’ பகுதியைத் திறந்து பார்த்தேன். நிறுவனப் பெயர் இருக்க வேண்டிய இடம் வெறுமையாக இருந்தது. உண்மையான கோப்பிலோ மைக்ரோசாஃப்ட் பெயரும், ‘விண்டோஸ் என்டிக்கான எக்ஸ்டெண்டட் மேப்பி 1.0’ என்ற பொருளில் ஒரு பழைய ஆங்கில விளக்கமும் இன்றைக்கும் இருக்கின்றன. ஒரு மென்பொருளுக்குள் ஏற்றப்படும் நூலகம் அந்த மென்பொருளுக்குரிய எல்லா உரிமைகளோடும் இயங்கும் என்பதால், வாடிக்கையாளர் முகவரி, வரி எண், நிலுவைக் கணக்கு என அது எதை வேண்டுமானாலும் படித்திருக்கலாம். படித்ததா என்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது. அந்தக் கவலை என் தம்பிக்கு இன்னும் தீரவில்லை.

உன் கணினியில் முதலில் தண்டர்பேர்டின் அமைப்புகளுக்குள் சென்று, அதை இயல்புநிலை அஞ்சல் மென்பொருளாக்கிப் பார். பெரும்பாலும் அதோடு முடிந்துவிடும். முடியவில்லை என்றால், ‘ரன்’ பெட்டியில் ‘ஃபிக்ஸ்மேப்பி’ என்ற கட்டளையைக் கொடு. சாளரம் திறக்காது, செய்தியும் வராது. வேலை செய்யவில்லையோ என்று பயப்பட வேண்டாம், அது அப்படித்தான். முன்பெல்லாம் சில அஞ்சல் மென்பொருள்கள் மேப்பி32-இன் மேலேயே அதே பெயரில் தம்முடைய கோப்பை எழுதிவிடும் என்பதால், விண்டோஸோடு சேர்த்தே கொடுக்கப்பட்ட பழுதுநீக்கி இது. பில் மென்பொருள் 32 பிட் வகையாக இருந்தால், ‘சிஸ்வாவ்64’ கோப்புறையில் இருக்கும் ஃபிக்ஸ்மேப்பியையும் தனியாக ஓட்டு. பெயரில் 64 இருந்தாலும் 32 பிட் கோப்புகள் இருக்குமிடம் அதுதான், 64 பிட் கோப்புகள் சிஸ்டம்32-இல் இருக்கின்றன. இந்தப் பெயர்க் குழப்பத்தில் நானே ஒரு நாள் முழுவதும் தவித்திருக்கிறேன்.

பொது நூலகம் என்ற ஏற்பாட்டையே நான் குறை சொல்வதாக நினைத்துவிடாதே. 2014 ஏப்ரலில், இணையத் தொடர்பை மறையாக்கம் செய்யும் ஓப்பன்எஸ்எஸ்எல் நூலகத்தில் ‘ஹார்ட்பிளீட்’ என்ற பாதுகாப்பு ஓட்டை வெளியானபோது, என் லினக்ஸ் கணினியில் அந்த ஒரு நூலகத்தைப் புதுப்பித்து, அதைப் பயன்படுத்தும் மென்பொருள்களை மூடித் திறந்ததும், அத்தனைக்கும் ஒரே நேரத்தில் பாதுகாப்புக் கிடைத்தது. ஒரே கோப்பைப் பலரும் நம்பியிருக்கும் அந்த இடத்தில் முகம் தெரியாத ஒருவர் கொடுத்ததை வைக்கலாமா என்பதுதான் என் கேள்வி.

பையன் ஏற்கெனவே எதையாவது இறக்கி வைத்திருக்கிறானா என்று பில் மென்பொருளின் கோப்புறையை இன்றைக்கே திறந்து பார். அங்கே மேப்பி32 இருந்தால், அதன் ‘விவரங்கள்’ பகுதியில் என்ன எழுதியிருக்கிறது என்று எனக்குத் தெரிவி. நான் பதில் சொல்லும்வரை அந்தக் கணினியில் பில் போட வேண்டாம்.

அன்புடன்,
உன் நண்பன்