கொடைக்கு வரும் விருந்தாளிகளும் வீட்டு நாயும்

அன்புள்ள பெற்றோருக்கு,

வணக்கம். இந்தத் திங்கட்கிழமை காலை மூன்றாம் வகுப்புப் பையன் ஒருவன் கையில் கைக்குட்டையைச் சுற்றிக்கொண்டு வந்தான். அவிழ்த்துப் பார்த்தால் காயத்தின் மேல் காப்பித்தூள் அப்பியிருந்தது. "ஆச்சி வச்சு விட்டா, சார்" என்றான். கடித்தது தெருநாய் இல்லை, அவன் வீட்டுச் சிப்பிப்பாறை நாய்தான். வாங்கி வந்து நாலு நாள்தான் ஆகிறதாம். சோறு தின்றுகொண்டிருந்த நாயைப் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளுக்குக் காட்டுவதற்காகக் கழுத்தைக் கட்டிப் பிடித்திருக்கிறான்.

இனி ஊருக்கு ஊர் கோயில் கொடைத் திருவிழா. சென்னையிலிருந்தும் மும்பையிலிருந்தும் சொந்தங்கள் பிள்ளைகளோடு வந்து இறங்குவார்கள். அதனால்தான் இப்போதே எழுதுகிறேன்.

புதுநாய்க்குத் தார்சாவில் (முன்கூடத்தில்) ஒரு மூலையை ஒதுக்குங்கள். தின்னும்போதும் தூங்கும்போதும் பிள்ளைகள் அதன் பக்கம் போக வேண்டாம். பழக்கும்போது பெரியவர் ஒருவர் சங்கிலியைப் பிடித்துக்கொள்ள, பிள்ளை தள்ளி உட்காரட்டும். நாய் தானாக வந்து மோந்து பார்க்கட்டும். வந்தால் நெஞ்சுப் பக்கம் கொஞ்சம் தடவிவிட்டுக் கையை எடுக்கச் சொல்லுங்கள். மறுபடியும் நெருங்கி வந்தால் சரி. முகத்தைத் திருப்பினால், உதட்டை நக்கினால், தூக்கம் வராமலே கொட்டாவி விட்டால் விட்டுவிட வேண்டும். வாலை மட்டும் நம்பாதீர்கள். உடம்பை விறைத்துக்கொண்டு வாலாட்டுகிற நாயும் கடிக்கும்.

உறுமினால் அடிக்காதீர்கள். இது நான் பட்டுத் தெரிந்துகொண்டது. எங்கள் வீட்டு நாய் உறுமும்போதெல்லாம் பேப்பரைச் சுருட்டி ஒரு போடு போடுவேன். உறுமல் நின்றது. திருந்திவிட்டது என்று பெருமைப்பட்டேன். அப்புறம் ஒரு தீபாவளிக்கு, சத்தமே காட்டாமல் மச்சானின் கெண்டைக்காலைக் கவ்விவிட்டது.

விருந்தாளி வந்தால் முதலில் நாயைக் கட்டுங்கள். அவர்கள் உட்கார்ந்து காப்பி குடித்து முடித்த பிறகு கூட்டி வரலாம். "ஒண்ணும் செய்யாது, வாங்க" என்பது நாயைக் கேட்காமலே நாம் கொடுக்கும் உத்தரவாதம். மேளமும் வேட்டுமாக இருக்கும் இரவில் அதை உள்ளறையில் விட்டுவிடுங்கள்.

கடித்துவிட்டால் ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவ வேண்டும். மஞ்சள், சுண்ணாம்பு, காப்பித்தூள் எதுவும் வேண்டாம். அன்றே அரசு ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள், வெறிநோய்த் தடுப்பூசி இலவசம். முதல் ஊசிக்குப் பிறகு 3, 7, 28-ஆம் நாட்களிலும் போட வேண்டும், நடுவில் நிறுத்தக் கூடாது. வெறிநோய் முற்றி அறிகுறி தெரிந்துவிட்டால் காப்பாற்றுவது அரிது. குட்டிக்கு மூன்று மாதத்தில் முதல் தடுப்பூசி, அப்புறம் வருடம் ஒன்று. கால்நடை மருந்தகத்தில் கேளுங்கள்.

அந்தப் பையன் வீட்டில் ஆச்சியைத் தவிர யாரிடமும் சொல்லவில்லை. அப்பா நாயைக் கொண்டுபோய் எங்காவது விட்டுவிடுவார் என்று பயம். சின்னக் கீறல் என்று பிள்ளை வந்து சொன்னாலும் திட்டாமல் கேளுங்கள். அவனுக்கு இரண்டு ஊசி ஆகிவிட்டது, வருகிற திங்கள் மூன்றாவது. நாய் வீட்டில்தான் இருக்கிறது.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்