நீங்கள் தமிழரா, முஸ்லிமா?

ரோஸ் ஹில், மொரிஷியஸ்

அன்புள்ள வாப்பாவுக்கும் உம்மாவுக்கும்,

அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே நாங்கள் மூவரும் நலம். வாப்பாவின் கண் அறுவைச் சிகிச்சை நல்லபடியாக முடிந்தது என்று காக்கா சொன்னார், அல்ஹம்துலில்லாஹ். "அந்த ஊரில் நம் தமிழ் ஆட்கள் நிறைய உண்டாமே, பேச்சுத்துணைக்குக் குறையிருக்காது" என்று உம்மா தொலைபேசியில் ஒவ்வொரு முறையும் சொல்கிறீர்கள். உண்டுதான். ஆனால் அவர்கள் தமிழ் பேசுவதில்லை. அதைவிட வேடிக்கை, அவர்கள் கணக்கில் நான் தமிழனும் இல்லை. தொலைபேசியில் இதை விளக்கத் தொடங்கினால் பாதியில் இணைப்பு போய்விடுகிறது. அதனால் எழுதுகிறேன்.

நாங்கள் வாடகைக்கு இருக்கும் வீட்டின் வீட்டுக்காரர் தமிழர். பெயர் பிரெஞ்சு எழுத்துக்கூட்டலில் 'என்' என்று முடியும்; அந்த வாலைக் கண்டதுமே தமிழர் என்று இங்கே எல்லாரும் தெரிந்துகொள்வார்கள். தைப்பூசத்துக்கு விரதமிருந்து காவடி எடுப்பவர். வீட்டில் பேசுவது பிரெஞ்சிலிருந்து கிளைத்த இந்த ஊர்ப் பேச்சுமொழியான கிரியோல், படிப்பது பிரெஞ்சுப் பத்திரிகை. தமிழில் அவருக்குத் தெரிந்ததெல்லாம் வணக்கமும் அரோகராவும் சில பாடல் வரிகளும்தான். வந்த புதிதில் நான் உங்களுடன் தொலைபேசியில் பேசுவதைக் கேட்டுவிட்டு, என்ன மொழி என்று விசாரித்தார். தமிழ் என்றேன். முகம் மலர்ந்துவிட்டது. உடனே அவர் நினைவுக்கு என் பெயர் வந்தது. "நீங்கள் முஸ்லிம்தானே? உங்கள் மொழி உருது அல்லவா?" என்றார். நம் குடும்பத்தில் எவருக்கும் உருதில் ஒரு வாக்கியம்கூட வராது என்று சொன்னேன். மரியாதைக்காகத் தலையாட்டினார், நம்பவில்லை.

அவரைக் குறை சொல்ல முடியாது. இந்த நாட்டின் ஏற்பாடே அப்படி. மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் மதம் என்ற பகுதியில் இந்து, முஸ்லிம், கத்தோலிக்கர் என்பவற்றோடு தமிழ், தெலுங்கு, மராத்தி என்றும் பதிவாகிறது. ஆமாம் வாப்பா, இங்கே தமிழ் ஒரு மதம்! "அவர் இந்து இல்லை, தமிழர்" என்று அலுவலகத்தில் சாதாரணமாகச் சொல்கிறார்கள். விடுமுறைப் பட்டியலும் அதற்கேற்றபடிதான்: காவடி தமிழருக்கு, உகாதி தெலுங்கருக்கு, மகா சிவராத்திரி இந்துக்களுக்கு, நமக்குப் பெருநாள். தமிழ்க் குடும்பப் பெயரோடு தேவாலயத்துக்குப் போகிறவர்களும் உண்டு. ஆனால் அவர்களைத் தமிழர் என்று மட்டும் சொல்லி நிறுத்துவதில்லை, ஞானஸ்நானம் பெற்றவர் என்ற அடைமொழியும் கூடவே வரும். தமிழ் முஸ்லிமுக்கு அப்படி ஓர் அடைமொழிகூட இல்லை.

இதில் இன்னொரு சிக்கல். அரசியலமைப்பு இந்து, முஸ்லிம், சீனர் என மூன்று சமூகங்களைத்தான் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. வாழ்க்கைமுறையில் இவற்றில் சேராத எல்லாரும் 'பொது மக்கள்'. தேர்தல் முடிந்த பிறகு சமூகச் சமநிலைக்காகக் கூடுதலாக எட்டு இடங்கள் வரை ஒதுக்குகிறார்கள். அந்தக் கணக்கில் தமிழருக்குத் தனி இடம் கிடையாது, இந்துக்களோடு சேர்த்துவிடுகிறார்கள். அதுவும் 1972ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பை வைத்து! அதற்குப் பிறகு எந்தச் சமூகம் என்று கணக்கெடுப்பில் கேட்பதே இல்லை. நாங்கள் தனி என்று தமிழர்கள் அழுத்திச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது. கரைத்துவிடுவார்களோ என்ற பயம் இருக்கும்வரை எல்லைக் கல்லை ஆழமாகத்தான் நடுவார்கள்.

அவர்களுடைய வரலாறு பழையது. பிரெஞ்சுக்காரர் காலத்திலேயே, 18ஆம் நூற்றாண்டில், புதுச்சேரிப் பக்கத்திலிருந்து கொத்தனார்களும் தச்சர்களும் வந்து போர்ட் லூயி நகரத்தைக் கட்டியிருக்கிறார்கள். கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகள் கப்பல் கப்பலாக வந்தது 1834க்குப் பிறகுதான். அவர்கள் வந்திறங்கிய ஆப்ரவாசி காட் படித்துறையைப் போய்ப் பார்த்தேன். யுனெஸ்கோ பாரம்பரியச் சின்னம் என்ற பெருமைக்கு இடம் மிகச் சிறியது. அங்கே இறங்கியவர்களில் பெரும்பான்மையினர் பீகார்ப் பக்கத்து போஜ்புரிக்காரர்கள், சென்னையில் கப்பல் ஏறியவர்கள் குறைவு. முதலில் வந்தவர்கள் நாங்கள், பிறகு வந்தவர்கள் எண்ணிக்கையில் எங்களை அமுக்கிவிட்டார்கள் என்ற வருத்தம் இங்கே தமிழரிடம் இன்னும் இருக்கிறது.

இந்த நாட்டு ரூபாய் நோட்டில் அது வெடித்திருக்கிறது. நோட்டில் ஆங்கிலத்துக்கு அடுத்து தமிழ், அதன் பிறகு இந்தி என்பதுதான் வரிசை. 1998இல் புதிதாக அடித்த நோட்டுகளில் இந்தி முன்னாலும் தமிழ் பின்னாலும் போய்விட்டது. தமிழர்கள் கொதித்தெழுந்தார்கள். கடைசியில் அந்த நோட்டுகளைத் திரும்பப் பெற்று, பழைய வரிசைப்படியே மறுபடி அச்சிட்டார்கள். நோட்டிலுள்ள எழுத்தைப் படிக்கத் தெரியாதவர்கள்தான் அதன் இடத்துக்காகத் தெருவில் இறங்கினார்கள் என்று எங்கள் அலுவலகத்தில் ஒருவர் கேலி பேசினார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நம் சட்டைப்பையில் இருக்கும் நோட்டிலும் தமிழ் உண்டு, வரிசையில் எத்தனையாவது என்று எந்நாளாவது பார்த்திருக்கிறோமா? நமக்குத் தேவைப்படவில்லை. இவர்களிடம் மிஞ்சியிருப்பதே அந்த ஒரு வரிதான்.

பள்ளிக்கூடத்தில் மொழி என்றால் இங்கே அரசே ஆட்டம் காணும். தொடக்கப் பள்ளியின் இறுதித் தேர்வில் தரவரிசைக்குத் தமிழ், இந்தி, உருது போன்ற கீழைநாட்டு மொழிகளின் மதிப்பெண்ணையும் சேர்ப்பதா வேண்டாமா என்ற தகராறில் 1995இல் நாடாளுமன்றமே கலைந்தது. அடுத்து வந்த தேர்தலில் முக்கியத் தீவின் 60 இடங்களையும் எதிரணி அள்ளிக்கொண்டது. தமிழாசிரியராக ஓய்வு பெற்ற வாப்பா இதைக் கேட்டால் மகிழ்வீர்கள் என்றுதான் எழுதுகிறேன்.

அன்றாடப் பேச்சுக்கு வந்தால் இத்தனை வேலிகளும் காணாமல் போய்விடும். வங்கியில் பிரெஞ்சில் வரவேற்பார்கள், நிரப்பத் தரும் படிவம் ஆங்கிலத்தில் இருக்கும், அதில் ஏதாவது குழப்பம் வந்தால் கிரியோலில் தீர்த்துக்கொள்வார்கள். எங்கள் மேலாளர் கூட்டத்தில் பிரெஞ்சு பேசுவார். தேநீர்க் கோப்பையைக் கையில் எடுத்ததும் கிரியோலுக்கு இறங்கிவிடுவார்; அப்போதுதான் விடுப்புக் கேட்க வேண்டும். வீட்டில் கிரியோல் பேசுகிறவர்கள் ஐந்தில் நான்கு பேருக்கு மேல். ஆனாலும் ஆப்பிரிக்க வழிவந்த கத்தோலிக்கரைத் தவிர மற்ற யாரும் அதைத் தங்கள் இனத்தின் மொழி என்று உரிமை கொண்டாடுவதில்லை. 2012 முதல் பள்ளிகளில் அதையும் ஒரு விருப்பப் பாடமாக வைத்திருக்கிறார்கள். பேசுகிற மொழி ஒன்று, நான் யார் என்று சொல்லிக்கொள்ள வேறொன்று. இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டும் என்ற கட்டாயமே இங்கே இல்லை.

இப்போது உங்கள் பேத்தி விஷயம். ஜனவரியில் முதல் வகுப்பில் சேர்த்தோம். எங்கள் பெயர்களைப் பார்த்ததும், விருப்ப மொழிப் பாடம் உருதுவா அரபியா என்றுதான் பள்ளியில் கேட்டார்கள். தமிழ் என்றேன். தவறாகக் காதில் விழுந்துவிட்டதோ என்று இன்னொரு முறை கேட்டார்கள். உங்கள் மருமகளுக்கு இதில் முழுச் சம்மதம் இல்லை. அரபி என்று போட்டால் பிள்ளை மற்ற முஸ்லிம் பிள்ளைகளோடு உட்காருவாள், தமிழைத்தான் வீட்டில் பேசுகிறோமே என்பது அவள் வாதம். நியாயமான வாதம்தான். ஆனால் எழுதப் படிக்கத் தெரியாமல் பேச்சு எத்தனை தலைமுறைக்குத் தாங்கும்? அதற்கான விடையைத்தான் மாடியில் குடியிருக்கும் வீட்டுக்காரரிடம் தினமும் பார்க்கிறேனே. மாலையில் மதரஸா, பகலில் தமிழ் வகுப்பு என்று முடிவு செய்திருக்கிறோம்.

தமிழ் ஆசிரியை மோக்காவிலுள்ள மகாத்மா காந்தி நிறுவனத்தில் பயின்றவர். ஏட்டில் உள்ளது போலவே "நீ நேற்று என்ன செய்தாய்?" என்று கேட்கிறார், உங்கள் பேத்தி வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கிறாள். வகுப்பில் சரளமாகத் தமிழ் பேசுகிறவள் அவள் ஒருத்திதான். அவளைப் பார்த்துத்தான் ஒரு பையன், "நீ ஏன் தமிழ் வகுப்புக்கு வந்தாய்? நீ தமிழா, முஸ்லிமா?" என்று கேட்டானாம். "நான் காயல்பட்டினம்" என்று நம் ஊர்ப் பெயரைச் சொல்லிவிட்டு வந்திருக்கிறாள்.

உம்மா கோபித்துக்கொள்ளக் கூடாது, ஒன்று சொல்கிறேன். பக்கத்துத் தெரு இந்துக்களைப் பற்றிப் பேசும்போது நம் வீட்டிலேயே "அவர்கள் தமிழ் ஆட்கள்" என்போம். அப்படியானால் நாம் யார்? தமிழிலேயே பேசிக்கொண்டு, தமிழிலேயே அப்படிப் பிரித்துச் சொல்லியிருக்கிறோம். அந்தப் பையன் கேட்டதற்கும் இதற்கும் பெரிய வேறுபாடு எனக்குத் தெரியவில்லை. கடலுக்கு அப்பால் இலங்கையில் இதே பேச்சு எங்கே கொண்டுபோய் விட்டது என்பது வாப்பாவுக்குத் தெரியும். சோனகர் எனப்படும் அங்குள்ள முஸ்லிம்களும் இனத்தால் தமிழரே என்று தமிழ்த் தலைவர் பொன்னம்பலம் இராமநாதன் 1888இல் எழுதினார், இல்லை என்று சோனகர் தரப்பு மறுத்தது. தமிழ்தான் பேச்சு, ஆனாலும் அரசுப் பதிவில் தனி இனம். 1990 அக்டோபரில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றியபோது அவர்கள் பேசிய தமிழ் அவர்களைக் காப்பாற்றவில்லை.

ஒரு வெள்ளிக்கிழமை மாலை வீட்டுக்காரர் என்னைக் கோவில் வாசல்வரை அழைத்துப் போனார். உள்ளே கையில் புத்தகத்தோடு தேவாரம் பாடிக்கொண்டிருந்தார்கள். புத்தகத்தை வாங்கிப் பார்த்தேன், முழுக்க ரோமன் எழுத்தில் தமிழ். எனக்கு உடனே உங்கள் உம்மாவின் நினைவு வந்தது வாப்பா. தமிழ் எழுத்து அவர்களுக்குத் தெரியாது. அரபு எழுத்தில் எழுதிய தமிழில்தான் துஆக்களும் பாடல்களும் ஓதுவார்கள், கடிதம்கூட அரபுத் தமிழில்தான். வீட்டுக்காரரிடம் இதைச் சொன்னேன். முதல் முறையாக என்னை நம்பியதுபோல் பார்த்தார். "அரபு எழுத்தில் தமிழா? எழுதிக் காட்டுங்கள்" என்றார். எனக்கு அந்த எழுத்துமுறை வராது. உங்களுக்குத் தெரியுமே, இரண்டு வரி எழுதி அனுப்புங்கள்.

கூடவே ஒரு வேலையும் உண்டு. பிள்ளைகளுக்கு வாசித்துக்காட்ட எளிய தமிழில் ஏதாவது கிடைக்குமா என்று ஆசிரியை கேட்டார். சீறாப்புராணத்தில் மானுக்குப் பிணை நின்ற படலத்தை, நபிகளாரை நம்பி வேடன் மானை விட்டதையும் மான் சொன்னபடி திரும்பி வந்ததையும், சிறுவர்களுக்கான கதையாக நீங்கள் எழுதித் தருவீர்கள் என்றேன். தமிழ்ப் பாடத்தில் நபிகள் கதையா என்று கொஞ்சம் தயங்கினார், பெற்றோரைக் கேட்டுச் சொல்வதாகச் சொல்லியிருக்கிறார். இன்னும் பதில் வரவில்லை. கண் முழுக்கச் சரியானதும், அவசரமில்லாமல், எழுதி அனுப்புங்கள். அவர் வேண்டாம் என்றால் உங்கள் பேத்தி படிக்கட்டும்.

உம்மாவிடம் மருமகள் சலாம் சொல்லச் சொன்னாள்.

உங்கள் துஆவை நாடும்,
மகன்