பெட்டியை இழைத்தவரின் பெயர் எங்கே?

ஆசிரியர் அவர்கட்கு,

ஐயா,

சென்ற வாரம் தங்கள் பத்திரிகையின் இப்பகுதியில், பனையோலைக் கைப்பணி அருகி வருவதைப் பற்றிக் கவலையுடன் எழுதிய வாசகர் ஒருவர், அமெரிக்கா போன்ற நாடுகளில் கைவினை வாழ்வதற்குக் காரணம் அங்கே வாங்குவோரிடம் காசு இருப்பதுதான் என்றும், எமது மக்களால் அப்படி விலை கொடுக்க இயலாது என்றும் தெரிவித்திருந்தார். அவருடைய கவலை என்னுடையதும்தான். அவர் சொன்ன காரணத்தை மட்டும் என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை. மகளின் பிள்ளைப்பேற்றுக்காகத் தென் கரோலினா மாநிலத்தின் சார்ள்ஸ்டன் நகரில் ஐந்து மாதம் தங்கியிருந்தபோது நேரிற் கண்டவற்றையும், பின்னர் தேடிப் படித்தவற்றையும் வைத்தே இதை எழுதுகிறேன்.

அந்த நகரின் பழைய சந்தையிலும், அயலிலுள்ள மவுண்ட் பிளசன்ட் ஊரின் பதினேழாம் இலக்க நெடுஞ்சாலை ஓரத்திலும், கறுப்பினப் பெண்கள் புல்லாற் கூடை இழைத்து விற்பார்கள். மேற்கு ஆபிரிக்காவிலிருந்து நெல் வயல்களில் வேலை செய்விப்பதற்காக அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் வழித்தோன்றல்களான கல்லா-கீச்சி மக்கள் இவர்கள். இவர்களுடைய முன்னோர் இழைத்த பொருள்களில் முக்கியமானது நெல் புடைக்கும் அகன்ற தட்டு. அருங்காட்சியகத்தில் அதைப் பார்த்தபோது, அம்மம்மா வீட்டுக் குசினிச் சுவரிற் சாத்தியிருந்த சுளகுதான் என் கண்முன் வந்தது.

ஒரு முதியவரின் அருகில் அரை நாள் இருந்து பார்த்தேன். கடற்கரை மணல்மேடுகளில் வளரும் ஸ்வீட்கிராஸ் என்னும் மணமுள்ள புல்லை ஒரு பிடியாகச் சேர்த்து, நடுவில் முடிச்சிட்டு, சுருளாக வளைத்துக்கொண்டே போகிறார். காம்பு தேய்த்துக் கூராக்கிய கரண்டிப் பிடி ஒன்றாற் சுருளில் துளையிட்டு, அதனூடாக ஓலைக் கீற்றைச் செலுத்தி இறுக்குகிறார். அந்தக் கீற்று பால்மெட்டோ என்ற மரத்தின் இளங்குருத்திலிருந்து கிழித்தது என்றும், பால்மெட்டோ பனையின் இனத்து மரமென்றும் அறிந்தபோது எனக்கு மெய்சிலிர்த்தது. ஈர்க்குகளைச் சேர்த்துக் குருத்தோலையாற் சுற்றித் தைக்கும் எமது பெட்டிக்கும் அதற்கும் முறையில் அதிக வேறுபாடு இல்லை. இடையிடையே பைன் மர ஊசியிலைகளை வைத்துக் கபில நிறக் கோடு போடுகிறார்கள். நாம் சாயம் தோய்த்த ஓலையால் அதைச் செய்கிறோம்.

வேறுபாடு விலையில் இருந்தது. உள்ளங்கையளவு கூடைக்கே பல பத்து டொலர்; பெரியவற்றுக்கு நூற்றுக்கணக்கில். நான் கவனித்த இன்னொன்றும் உண்டு. ஒவ்வொரு கூடையிலும் இழைத்தவரின் பெயர் எழுதிய சிறு அட்டை கட்டியிருந்தது. வாங்க வருபவர்கள் "இது யார் செய்தது, யாரிடம் பழகினீர்கள்" என்று கேட்டுவிட்டே கூடையைக் கையில் எடுத்தார்கள். இதே மரபில் வந்த மேரி ஜாக்சன் என்ற பெண்மணி, தாயிடமும் பாட்டியிடமும் கற்ற கூடைக் கலைக்காக 2008 இல் மக்ஆர்தர் அறக்கட்டளையின் நல்கையையும், 2010 இல் தேசிய மரபுக் கலைஞர் விருதையும் பெற்றவர். அமெரிக்க அரசின் கலை நிதியம் 1982 இல் வழங்கத் தொடங்கிய விருது அது. தென் கரோலினா மாநிலம் 2006 இல் இந்தக் கூடையைத் தனது மாநிலக் கைவினையாகச் சட்டப்படி ஏற்றுக்கொண்டது. அடிமைகளின் வேலை என்று ஒரு காலத்தில் ஒதுக்கப்பட்ட பொருளுக்கு இந்த மதிப்புக் கிடைத்தது. பணம் மட்டுமே காரணமென்றால், அந்த நாட்டிற் பணம் எப்போதும் இருந்ததே!

அலபாமா மாநிலத்தின் ஜீஸ் பென்ட் கிராமத்துப் பெண்களின் கதை இதைவிட எமக்கு நெருக்கமானது. மூன்று பக்கமும் ஆறு வளைந்தோடும் அந்தக் கிராமத்தவர்களிற் பலருக்குக் குடும்பப் பெயரே அவர்களின் மூதாதையரை அடிமைகளாக வைத்திருந்த முதலாளியின் பெயர்தான். வாக்குரிமைக்காகக் கறுப்பின மக்கள் எழுந்த காலத்தில், 1962 இல், எதிர்க்கரைக்குப் போகும் படகுச் சேவை நிறுத்தப்பட்டது. அது மீண்டும் தொடங்கியது 2006 இல். போர்க்காலத்தில் யாழ்ப்பாணத்தின் கிளாலிக் கடல்நீரேரியை இருட்டிற் படகில் கடந்த எமது தலைமுறைக்கு, பாதை அடைக்கப்பட்ட ஊர் எப்படியிருக்கும் என்று விளக்கத் தேவையில்லை. அந்த ஊர்ப் பெண்கள் குளிருக்காக, வயலில் உழைத்துத் தேய்ந்த காற்சட்டைகளையும் பழைய சட்டைகளையும் கிழித்துப் பொருத்தி, குவில்ட் எனப்படும் ஒட்டுத்துணிப் போர்வைகளைத் தைத்தார்கள். முழங்காற் பகுதியில் வெளிறிய நீலத் துணியின் நிறவேறுபாடே அவற்றின் அழகு. 1966 இல் அப்பகுதிப் பெண்கள் கூட்டுறவு அமைத்தார்கள். 2002 இல் அப்போர்வைகள் ஹூஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்திலும், அதன் பின் நியூயோர்க்கின் விட்னி அருங்காட்சியகத்திலும் தைத்தவர்களின் பெயர்களோடு சுவரில் தொங்கின. 2006 இல் அமெரிக்க அஞ்சல் திணைக்களம் அவற்றில் பத்தை முத்திரைகளாக வெளியிட்டது.

அங்கே எல்லாம் நல்லபடியாக நடந்தது என்று நான் சொல்ல வரவில்லை. புகழ் வந்த பின், வருமானம் முறையாகத் தமக்கு வந்து சேரவில்லை என்று தைத்த பெண்களிற் சிலர் 2007 இல் வழக்குத் தொடுக்க வேண்டியிருந்தது. தென் கரோலினாக் கரையோரத்திலோ, உல்லாச விடுதிகளும் மதிலிட்ட குடியிருப்புகளும் வந்து, கூடைக்காரப் பெண்கள் தலைமுறையாகப் புல் பிடுங்கிய இடங்களுக்குள் அவர்களே போக முடியாமற் போயிற்று. எமது பனைகள் பதுங்குகுழிகளுக்காக வெட்டிச் சாய்க்கப்பட்டன. மிஞ்சியவை இப்போது காணித்துண்டுகளாகப் பிரிக்கப்படும் வளவுகளில் வீழ்கின்றன. நிற்கும் பனையில் ஏறிக் குருத்து வெட்டவும் ஆளில்லை. மூலப்பொருள் கைக்கு எட்டாமற் போனால் கைவினை என்ன ஆகும் என்பதில் அவர்களுக்கும் எமக்கும் ஒரே பாடந்தான்.

இனி எமது பக்கத்தைச் சொல்கிறேன். என் சின்னம்மாவுக்கு வயது எழுபத்து நான்கு. பனங்கட்டிக் குட்டான் முதல் மூடற்பெட்டி வரை எல்லாம் இழைப்பார். ஓலையை வெயிலிற் காயவைத்து, பனியில் பதப்படுத்தி, ஈர்க்கு நீக்கி, ஒரே அகலத்தில் வார்ந்தெடுப்பதற்கே ஒரு பகல் போய்விடும். கடகம் என்றால் இரட்டைப்பட இழைத்து விளிம்பில் நார் வைத்துப் பொத்த வேண்டும். விரல் நுனியில் அந்த நார் அறுத்த தழும்புகளை நான் சிறு வயதிலிருந்து பார்க்கிறேன். அமெரிக்காவில் கண்டதை மனதில் வைத்து, அவருடைய பெட்டிகள் நாற்பதுக்கும், அவர் பெயர், ஊர், இழைக்க எடுத்த நாள் எல்லாம் எழுதிய அட்டைகளைக் கட்டி, நகரத்திலுள்ள விற்பனை நிலையம் ஒன்றிற் கொடுத்தேன். இரண்டு வாரம் கழித்துப் போனபோது ஓர் அட்டைகூட இல்லை. பெட்டிகளின் மேல் அந்நிலையத்தின் சொந்த ஒட்டுத்தாள் இருந்தது. கேட்டதற்கு, "உள்ளூர்க் கிழவியின்ர பேரைப் பார்த்து ஆர் ரீச்சர் வாங்கப் போயினம்?" என்றார்கள். எமது கைப்பணியின் நோய் இந்தக் கேள்விக்குள்தான் இருக்கிறது. ஏழைப் பெண்கள் வயிற்றுப்பாட்டுக்குச் செய்வது என்று நாமே ஒரு பொருளைத் தாழ்த்திவிட்டு, பிறகு அதற்கு விலை இல்லை என்று புலம்புகிறோம்.

அமெரிக்காவின் பூர்வகுடிகளின் கைப்பொருள் என்று பொய் சொல்லி வேறொன்றை விற்பவருக்கு, 1990 ஆம் ஆண்டின் சட்டப்படி, முதற் குற்றத்துக்கே இரண்டரை இலட்சம் டொலர் வரை தண்டமும் ஐந்தாண்டு வரை சிறையும் விதிக்கலாம். அவ்வளவு கடுமையான சட்டத்தை நான் இங்கு கேட்கவில்லை. இழைத்தவரின் பெயரும் ஊரும் இல்லாமற் பனையோலைப் பொருளை ஏற்பதில்லை என்று பனை அபிவிருத்திச் சபையும், கூட்டுறவுச் சங்கங்களும், பிரதேச சபைகளும் தீர்மானிப்பதற்குச் சட்டம் தேவையில்லை; ஓர் அட்டையும் ஒரு நூலும் போதும். வருமானத்தில் எவ்வளவு இழைத்தவருக்குப் போய்ச் சேருகிறது என்பதையும் அதே அட்டையில் எழுதினால், ஜீஸ் பென்ட் பெண்கள் நீதிமன்றம் ஏறியது போல எமது பெண்கள் ஏற வேண்டியிராது.

தங்களிடமும் ஒரு வேண்டுகோள் உண்டு. ஜோர்ஜியா மாநிலத்தின் ரேபன் கவுண்டியில் 1966 இல் பாடசாலை மாணவர்கள் தம் ஊர் முதியவர்களிடம் போய், அவர்களின் கைவேலைகளைக் கேட்டு எழுதிச் சஞ்சிகையாக வெளியிட்டார்கள். எமது மாணவர்களாலும் அது முடியும். வாரம் ஒரு முறை, பெட்டி இழைப்பவரோ, பாய் பின்னுபவரோ, மட்பாண்டம் வனைபவரோ, ஒருவரின் பெயர், ஊர், படத்துடன் மாணவர் எழுதும் சிறு குறிப்புக்குத் தங்கள் பத்திரிகையில் கால் பக்கம் ஒதுக்கித் தாருங்கள். எனது பழைய மாணவர்கள் சிலர் இப்போது வடமராட்சிப் பாடசாலைகளில் ஆசிரியர்களாக இருக்கிறார்கள். முதல் பன்னிரண்டு குறிப்புகளைச் சேர்த்துத் தரும் பொறுப்பை நாங்கள் ஏற்கிறோம்.

சின்னம்மா இழைத்த மூடற்பெட்டி ஒன்றையும் இக்கடிதத்துடன் அனுப்பியுள்ளேன். அவர் பெயர் எழுதிய அட்டை அதில் கட்டியிருக்கிறது. தங்கள் மேசையில் அது இருக்கும்வரை அட்டையைக் கழற்றாமல் வைத்திருக்குமாறு அன்புடன் கேட்டுக்கொள்கிறேன்.

இங்ஙனம்,
ஓய்வுபெற்ற ஆசிரியை,
வடமராட்சி.